பின்பக்கத்தில் எழுதிய பெயர்கள்

2 செப்டம்பர் 1987, புதன். கள்ளக்குறிச்சி

இன்று சந்தை. விடியும்போதே கச்சிராயபாளையம் தாண்டி மலையடிவாரத்தில் நின்றோம். கல்வராயன் மலையிலிருந்து பெண்கள் கடுக்காயும் புளியும் தலையில் சுமந்து இறங்கி வரும் பாதை. அந்தப் பாதையைத்தான் சொலான்ஜ் மூன்று வருடமாக வந்து வந்து படமெடுக்கிறார். பிரான்சிலிருந்து வந்தவர், வயது ஐம்பத்து நான்கு. கேமராவைத் தோளில் வைத்துக்கொண்டு அவர்களோடு ஓடாத குறையாக இறங்குகிறார். எனக்கு இருபத்தாறு. ஒலிப்பதிவுப் பெட்டியோடு பின்னால் மூச்சு வாங்குகிறேன். பாண்டிச்சேரியில் பிரெஞ்சு படித்து என்ன கிழிக்கப் போகிறாய் என்று கேட்டவர்கள் வந்து பார்க்கட்டும். பெட்டி தூக்குகிறேன்.

பெட்டி தூக்குவது, மொழிபெயர்ப்பது, அப்புறம் பேர் நோட்டு. படத்தில் யார் முகம் விழுந்தாலும் அவர்கள் பேரை அவர்கள் வாயாலேயே கேட்டு எழுத வேண்டும். பேர், அப்பா பேர், ஊர். படம் முடியும்போது எல்லாப் பேரும் திரையில் வருமாம், தமிழிலேயே. இது சொலான்ஜின் சட்டம். மழை பெய்தாலும் சட்டம் சட்டம்தான்.

இன்று ஒரு அம்மா, மூக்கின் இரண்டு பக்கமும் மூக்குத்தி, லேசில் பேர் சொல்லவில்லை. "எம் பேர எழுதி இன்னா பண்ணப் போறீங்க? ரேசன் குடுப்பீங்களா?" சுற்றி நின்றவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். நானும் விடவில்லை. பாதி தூரம் போனவர் திரும்பி வந்து, மூட்டையை இறக்காமலேயே, குரலைத் தாழ்த்திச் சொன்னார். இதுவரை யாரும் கேட்டதில்லை போல.

என்ன பேர் என்று இங்கே எதற்கு? நோட்டில் இருக்கிறது.

5 செப்டம்பர், சனி

வெள்ளிமலை ஏறும் வழியில் ஜீப் நின்றுவிட்டது. டிரைவர் பாவாடை அண்ணன் கீழே படுத்து எதையோ முடுக்கிக்கொண்டிருக்க, நாங்கள் பாறையில் உட்கார்ந்திருந்தோம். பேர் விஷயத்தில் ஏன் இவ்வளவு பிடிவாதம் என்று கேட்டே விட்டேன்.

சொலான்ஜ் பத்து வருடம் சினிமாவுக்குக் கதை வசனம் எழுதினாராம். படத்தில் பேர் வந்தது கணவருக்கு. "வீட்டுக்குள் யாருக்கு என்ன பேர் என்றார். நானும் சரி என்றேன்." விட்டுப் பிரிந்த பிறகு முதல் நாவல், நாற்பது வயதில் முதல் படம். கடலோரத்தில் உப்பு வாரும் பெண்களைப் பற்றியது. நல்ல பேர் வாங்கிக் கொடுத்த படம். ஓர் ஊரில் படம் முடிந்து விளக்குப் போட்டதும் ஒரு பெண் எழுந்து, "அதில் குனிந்து வாருவது என் அம்மா. அவள் செத்து ஒரு வருடம் ஆகிறது. உங்கள் பேர் மூன்று இடத்தில் வருகிறது. அவள் பேர் எங்கே?" என்று கேட்டாளாம். சொலான்ஜுக்கு அந்தப் பேர் தெரியவே தெரியாது.

"என் புருஷன் எனக்குச் செய்ததை நான் அவளுக்குச் செய்திருந்தேன்," என்றார்.

கோபமாகச் சொல்லியிருந்தால் தேவலை. சாதாரணமாகச் சொன்னார். அதுதான் எனக்கு என்னவோ செய்தது.

11 செப்டம்பர், வெள்ளி

என் அண்ணன் ஊரிலிருந்து, நைனார்பாளையத்திலிருந்து வந்திருந்தான். தமிழழகன் என்று அப்பா ஆசையாக வைத்த பேர். பி.எஸ்ஸி. முடித்து வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்து ஏழு வருடம். ஒரு கார்டு வரவில்லை. பதினேழாம் தேதியிலிருந்து ஒரு வாரம் சாலை மறியலாம். எங்கள் சாதிக்குத் தனி இட ஒதுக்கீடு கேட்டு மாவட்டம் முழுக்க ஒரு வண்டி ஓடாது என்கிறான்.

"மலைக்காரங்களையே எடுத்துக்கினு இருக்கியே செல்வி, எங்கள எடுக்கச் சொல்லு. நாங்க இன்னா மனுசங்க இல்லியா?"

"அடிதடி ஆகுமா?"

"ஆனா ஆவுது. ஏழு வருசமா வூட்ல குந்திக்கினு அம்மா போட்ற சோத்தத் துன்றனே, அது அடி இல்லியா?"

 பஸ் ஏறும்போது, ஜாக்கிரதை என்று மட்டும் சொல்லி அனுப்பினேன்.

16 செப்டம்பர், புதன்

நாளையிலிருந்து கடை இருக்காது. ஊரே அரிசிக்கும் பருப்புக்கும் மண்ணெண்ணெய்க்கும் ஓடுகிறது. நானும் ஓடினேன். எல்லாம் வாங்கிவிட்டு நோட்டு வாங்க மறந்தேன். பழைய நோட்டு இரண்டாம் தேதிச் சந்தையோடு கடைசித் தாள் வரை நிறைந்துவிட்டது. பாவாடை அண்ணன் போய்ப் பார்த்துவிட்டு, "ஒரு கட கூட இல்ல செல்விம்மா, அல்லாம் இழுத்து மூடிட்டான்" என்று வந்தார்.

பரவாயில்லை. வலப்பக்கம் மட்டும்தான் எழுதியிருக்கிறேன். பின்பக்கமெல்லாம் காலிதான்.

17 செப்டம்பர், வியாழன்

அவசரமாக எழுதுகிறேன். எழுத்து கோணல்.

சின்னசேலம் போகும் சாலையில் வரிசையாகப் புளியமரங்களை வெட்டிச் சாய்த்திருக்கிறார்கள். ஒரு மரம் விழும்போது அந்தச் சத்தம் பெட்டிக்குள் பதிந்தது. காதில் மாட்டியிருந்த ஹெட்போன் வழியாக அதை நான் மட்டும் தனியாகக் கேட்டேன். நூற்றுக்கணக்கான ஆட்கள். பெண்களும் உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் கோடாலியோடு அண்ணன், சட்டையில்லாமல். வீட்டில் விறகு பிளக்கச் சொன்னால் முதுகு வலி என்பவன்.

சொலான்ஜ் ஒரு சுருள் முழுக்க எடுத்தார். எடுத்து முடித்ததும் என்னைப் பார்த்தார். பேர்.

நான் கேட்கக்கூட வேண்டியிருக்கவில்லை. முண்டியடித்துக்கொண்டு சொன்னார்கள். "எழுதிக்கோம்மா, வீரமுத்து, அப்பா பேரு கண்ணுசாமி." "யோவ் தள்ளு, எம் பேரு வுட்டுப்புடாத." "பாரீசுல தெரியட்டும்!" பதினான்கு பேர், அப்பா பேர், ஊர். அந்தக் கூட்டத்தில் நின்று அவ்வளவு பேருக்கு மத்தியில் எழுதும்போது எனக்கும் ஒரு பெருமை இருந்தது. பொய் சொல்ல மாட்டேன். நான்காவது பேர், தமிழழகன், த/பெ இருசப்பன், நைனார்பாளையம். கடைசி இரண்டு தாளின் பின்பக்கம்.

19 செப்டம்பர், சனி

வடக்கே எங்கோ துப்பாக்கிச் சூடு, செத்தவர்கள் எத்தனை பேர் என்று ஆளுக்கொரு கணக்கு. பஸ் இல்லை, பால் இல்லை. அண்ணனிடமிருந்து ஒரு தகவலும் இல்லை.

20 செப்டம்பர், ஞாயிறு

அப்பா பத்தொன்பது மைல் சைக்கிளில் வந்தார். அண்ணன் வீட்டில் இல்லை. மரம் வெட்டியவர்களை வீடு வீடாகத் தேடுகிறார்களாம். இரண்டு பேரைப் பிடித்துவிட்டார்கள். கேஸ் ஆகிவிட்டால் அரசாங்க வேலையை மறந்துவிட வேண்டியதுதான். எந்த வேலைக்காக மரம் வெட்டினானோ அந்த வேலை.

அப்பா தண்ணீர்கூடக் குடிக்காமல் கேட்டார். "நீ பேரு எழுதுனியாமே. ஊர்ல அல்லாரும் சொல்லிக்கினு திரியிறானுங்க. இன்னாத்துக்குமா எழுதுன?"

ஏன் எழுதினேன்? வழக்கம் அப்பா, என்றேன். எவ்வளவு மடத்தனமான பதில். முகத்தைப் படம் பிடித்து, பக்கத்திலேயே பேரும் விலாசமும் எழுதி வைத்திருக்கிறேன். போலீஸ்காரர்கள் ஒரு மாதம் அலைந்தாலும் இவ்வளவு சுத்தமாக ஒரு பட்டியல் தயார் செய்திருக்க முடியாது.

சொலான்ஜிடம் சொன்னேன், அந்த இரண்டு தாளையும் கிழித்துவிடலாம் என்று. அவர் தாளைத் திருப்பிக் காட்டினார். முன்பக்கம் இரண்டாம் தேதிச் சந்தையன்று இறங்கிய பதினோரு பெண்கள், அந்த மூக்குத்தி அம்மா உட்பட. "முதலில் இவர்களை வேறு தாளில் எழுது. பிறகு கிழி." நாளைக் காலை எழுதுகிறேன் என்று படுத்துவிட்டேன். அப்பா முகத்தைப் பார்த்த பிறகு பேனா பிடிக்கிற தெம்பு இல்லை.

21 செப்டம்பர், திங்கள்

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

காலை எட்டு மணி. பாவாடை அண்ணன் ஓடி வந்தார். "செல்விம்மா, போலீசு வண்டி முக்குல நிக்கிது. வெள்ளக்கார அம்மா வூடு எதுன்னு கேட்டுக்கினு இருக்காங்க. நோட்டு ஒண்ணு இருக்காமேன்னும் கேக்குறாங்க."

சொலான்ஜ் குளியலறைப் பக்கமிருந்து, "பதினோரு பேர்தான், ஐந்து நிமிடம், உட்கார்ந்து எழுது" என்றார். பேனாவை எடுத்தேன். ஒரு பேர் எழுதினேனா, இல்லை எழுதப் போனேனா, தெரியவில்லை. வண்டிச் சத்தம் கேட்டது. அவ்வளவுதான். இரண்டு தாளையும் கிழித்து வெந்நீர் அடுப்பில் போட்டேன். எரியட்டும் எரியட்டும் என்று வாய்விட்டுச் சொன்னேன். எழுதப் போன தாளும் அதோடு போயிற்று. என் அண்ணன் பேர் எரிந்தது. எனக்கு மூச்சு வந்தது.

ஆய்வாளர் மரியாதையாகத்தான் பேசினார். நோட்டைப் புரட்டினார். மலைப் பெண்களின் பேர்கள்தான். மூடி வைத்தார். பிறகு, பதினேழாம் தேதி எடுத்த படச்சுருள் வேண்டும் என்றார். நான் பிரெஞ்சில் சொன்னேன். சொலான்ஜ் தலையாட்டினார், உள்ளே போனார், தகர டப்பாவோடு வந்தார். கொடுக்கப் போகிறாரா? 

வாசலில், நல்ல வெயிலில் நின்று, சுற்றியிருந்த பட்டையைப் பிரித்தார். மூடியைத் திறந்தார். கழுவாத சுருள், ஒரு பொட்டு வெளிச்சம் படக்கூடாது என்று கறுப்புப் பைக்குள் கையை விட்டு மாற்றுவார், எத்தனை முறை பார்த்திருக்கிறேன். அதைக் கை கையாக வெளியே இழுத்து மண்ணில் போட்டார். முழுச் சுருளையும். மரம், கூட்டம், அண்ணன், எல்லாம்.

"வெளிச்சம் பட்டுவிட்டது, இனி இதில் ஒன்றும் இல்லை, எடுத்துப் போகலாம் என்று சொல்," என்றார். நான் சொன்னேன். 

ஆய்வாளர் குனிந்து ஒரு முனையைத் தூக்கி வெயிலில் பிடித்துப் பார்த்தார். "இதுக்கு மேலிடத்துல பதில் சொல்ல வேண்டி வரும்னு சொல்லுங்கம்மா," என்றார். அந்தச் சிக்கலை அள்ளிக்கொண்டு போனார்கள்.

நான் அழுதுகொண்டே அவர் கையைப் பிடிக்கப் போனேன். அவர் அடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எழுதிவிட்டாயா?"

இல்லை என்றேன்.

"படம் என்னுடையது, செல்வி. அதை நான் அழிக்கலாம். அந்தப் பதினோரு பேர் உன்னுடையதும் இல்லை, என்னுடையதும் இல்லை."

என் அண்ணனைக் காப்பாற்ற வேண்டாமா? கத்தினேன், தமிழிலேயே. "ஒங்களுக்கு இன்னா தெரியும்? ஒங்க அண்ணனா அது?" அவருக்குப் புரிந்திருக்கும்.

25 செப்டம்பர், வெள்ளி

நாலு நாளாகப் பேசவில்லை. வேலை மட்டும் பிரெஞ்சில் நடக்கிறது.

29 செப்டம்பர், செவ்வாய்

மேலிடத்திலிருந்து கடிதம் வந்துவிட்டது. பத்து நாளுக்குள் சொலான்ஜ் நாட்டை விட்டுப் போக வேண்டும். அடுத்த வருடம் தை மாதம் எடுக்க வேண்டியது பாதி இருக்கிறது. மூன்று வருட வேலை, எல்லாம் நின்றது. அவர் கடிதத்தை மடித்து வைத்துவிட்டு மேசைக்குப் போய் எப்போதும் போல எழுத உட்கார்ந்தார்.

3 அக்டோபர், சனி

பாவாடை அண்ணன் பாண்டிச்சேரி வரை கொண்டுவிடப் போகிறார். ஏறும் முன் சொலான்ஜ் பேர் நோட்டை என்னிடம் நீட்டினார். "இதில் இரண்டு தாள் குறைகிறது. என்ன குறைகிறது என்று தெரிந்தவள் நீ ஒருத்திதான்." கன்னத்தில் முத்தமிட்டார். மன்னிப்பா, தண்டனையா? வாங்கிக்கொண்டேன்.

11 அக்டோபர், ஞாயிறு. நைனார்பாளையம்

அண்ணன் வந்துவிட்டான்! தாடியும் மீசையுமாக, எலும்பு தெரிய. பிடிபட்டவர்கள் யாரும் இவன் பேரைச் சொல்லவில்லை. எழுத்திலும் இல்லை, படத்திலும் இல்லை. கேஸும் இல்லை. அம்மா சுற்றிப் போட்டாள்.

மூன்று வாரமும் மலைமேல் இருந்திருக்கிறான். "கரியாலூர்ல, ஊரு கடைசியில. ஒரு அம்மா வூட்ல. யாரு இன்னான்னு ஒரு வார்த்த கேக்கல செல்வி. சாமக் களி, கீர, அவங்களுக்கு இல்லேன்னாலும் எனக்குப் போட்டாங்க. தேடினு வந்தவங்ககிட்ட எம் புள்ளதான்னு சொல்லிட்டாங்க."

"அவங்க பேரு இன்னா?"

யோசித்தான். "கேக்கலியே."

எனக்குச் சுள்ளென்று வந்தது. மூன்று வாரம் சோறு தின்றிருக்கிறான். அப்புறம் அடங்கிவிட்டேன். நான் என்ன யோக்கியம்?

14 பிப்ரவரி 1988

உட்கார்ந்து எழுதிப் பார்த்தேன். பதினொன்றில் எட்டு ஞாபகம் வருகிறது. மூன்று வரவில்லை. முகம் வருகிறது, மூட்டை வருகிறது, அந்த மூக்குத்தி வருகிறது.

மலைக்குப் பஸ் இருக்கிறது. போய்க் கேட்கலாம். கொடுத்ததைத் தொலைத்துவிட்டேன் என்று எந்த முகத்தோடு சொல்வது? இங்கே பள்ளிக்கூடத்தில் வேலைக்குச் சேர்ந்திருக்கிறேன், அது வேறு. அடுத்த மாதம்.

2 ஏப்ரல் 1989, ஞாயிறு

ஊரெல்லாம் வெடி. உத்தரவு வந்துவிட்டது, மிகவும் பிற்படுத்தப்பட்டோர் என்று தனிப் பட்டியல், இருபது சதவீதம். அண்ணன் கண்ணில் தண்ணீர். எனக்கும்தான். அவனுக்கு வயது வரம்பு தாண்ட இன்னும் கொஞ்சம் நாள் இருக்கிறது.

முச்சந்திச் சுவரில், மறியலில் நின்றவர்கள் என்று பேர் எழுதியிருக்கிறார்கள். நான் எரித்த பதினான்கும் இருக்கின்றன, நீலப் பெயிண்டில், முழ நீளத்துக்கு. அன்றைக்குச் சாலைப் பக்கமே வராதவர்கள் பேரும் ஒரு முப்பது இருக்கிறது. அண்ணன், "அந்தப் படம் இருந்திருந்தா இன்னிக்கி எவ்ளோ பெரும!" என்கிறான்.

சிரிப்பதா அழுவதா? சுவருக்கு முன்னால் நின்று எண்ணிப் பார்த்தேன். பின்பக்கத்துப் பேர் ஒன்றுகூடத் தொலையவில்லை.

20 ஜூலை, வியாழன்

சொலான்ஜிடமிருந்து தடித்த உறை. இருப்பதை வைத்துப் படத்தை முடித்துவிட்டாராம். சாலை இல்லை, மலைப்பாதை மட்டும். செப்டம்பரில் ஒரு பெரிய விழாவில் கேட்கிறார்கள். கடைசி மூன்று நிமிடம் திரை கறுப்பாக இருக்கிறது, பேர்களுக்காக. "பேர் வராமல் படத்தைக் கொடுக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். எனக்குப் பைத்தியம் என்கிறார்கள். ஐம்பத்தாறு வயதில் இன்னொரு விழா கூப்பிடுமா என்று எனக்கும் தெரியாது. நீ எழுதி அனுப்பு."

நான் எட்டு பேரை முன்பே அவருக்கு எழுதியிருந்தேன், மூன்று இல்லை என்றும், அந்த மூவரின் முக அடையாளத்தையும். அதனால் படத்திலிருந்து மூன்று முகங்களைப் போட்டோவாக்கி வைத்திருந்தார்.

அண்ணன் எட்டிப் பார்த்தான். ஒரு போட்டோவைப் பிடுங்கினான். மூக்குத்தி போட்ட அம்மா.

"இவங்கதான், செல்வி. எனக்கு சோறு போட்டவங்க."

6 ஆகஸ்ட் 1989, ஞாயிறு

அண்ணனும் நானும் போனோம். முதல் இரண்டு பேரும் கிடைத்தார்கள். ஒருவர் கரியாலூரில் பஸ் நிற்கிற இடத்திலேயே. இன்னொருவர் களத்தில் சாமை புடைத்துக்கொண்டு, "போன தபா சொன்னனே, மறந்துட்டியா?" என்று திட்டிவிட்டுச் சொன்னார். வாங்கிக் கட்டிக்கொண்டேன். வலிக்கவில்லை.

மூன்றாவது வீட்டுக்கு அண்ணன்தான் வழி காட்டினான். வேகமாக நடந்தவன் வாசலில் நின்றுவிட்டான். அடுப்படியில் புகை இல்லை. அவர் புருஷன் செல்லமுத்து மட்டும் இருந்தார். அண்ணனை உற்றுப் பார்த்தார். "நீதான அது? தாடி இல்லாம தெரியல. அது இல்லப்பா. மாசியில போயிடுச்சி. காச்சல்."

மாசி. ஆறு மாதம். அடுத்த மாதம், அடுத்த மாதம் என்று நான் தள்ளிய மாதங்களில் ஒன்று. அவர் வாயால் கேட்டிருக்கலாம். அண்ணன் மண்ணிலேயே உட்கார்ந்து முகத்தைப் பொத்திக்கொண்டான்.

போட்டோவைக் கொடுத்தேன். பெரியவர் அதை வெளிச்சத்தில் சாய்த்துச் சாய்த்துப் பார்த்தார். வீட்டில் வேறு படம் கிடையாதாம். பேர் கேட்டேன். அவர் போட்டோவிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. பக்கத்து வீட்டுப் பெண்தான் சொன்னாள், "கீழ்வூட்டு அம்மான்னுதாங்க நாங்க கூப்புடுவோம்." ரேசன் கார்டிலும் இல்லை. பெரியவர் எப்படிக் கூப்பிடுவார்? "இந்தாம்பேன். அது வரும். நாப்பது வருசமா பேரு சொல்லிக் கூப்ட்டதில்லீங்க."

காத்திருந்தோம்.  போட்டோவைப் பார்த்துத்தான் சொன்னார், என்னைப் பார்த்து அல்ல.

எழுதினேன்.

"இன்னா எழுதுனீங்கன்னு படிங்க," என்றார். படித்தேன். இன்னொரு தரம் படிக்கச் சொன்னார். அண்ணன் தலை நிமிர்ந்து, அந்தப் பேரைத் தனக்குள் சொல்லிப் பார்த்தான். போட்டோவை அவரிடமே விட்டுவிட்டு வந்தோம்.

நாளை தபாலில் போகிறது. புது நோட்டுதான் வாங்கிப் போயிருந்தேன். வலப்பக்கம், பதினோராவது பேர்:

வெள்ளச்சி, த/பெ ஆண்டி, கரியாலூர். மூட்டையை இறக்காமல் பேர் சொன்னவர்.

பின்பக்கத்தில் எதுவும் எழுதவில்லை.